தகுதிக்கும் தேதி உண்டு

திருவொற்றியூர், மணலி, எண்ணூர் ஆலைகளில் வேலை பார்த்தவர்களிடம் குறைந்தபட்சத் தகுதி என்றால் என்னவென்று விளக்க வேண்டியதில்லை. பாய்லர் ஓட்டுகிறவருக்குச் சான்று வேண்டும். சின்ன பாய்லருக்கு இரண்டாம் வகுப்புச் சான்று, பெரியதற்கு முதல் வகுப்பு. அது இல்லாதவர் எவ்வளவு அனுபவசாலியாக இருந்தாலும் ஷிப்டுக்குப் பொறுப்பேற்க முடியாது. காரணமும் எல்லோருக்கும் தெரியும்: தவறினால் வெடிக்கும்.

வகுப்பறை வெடிப்பதில்லை. அதனாலோ என்னவோ, கல்லூரியில் பாடம் நடத்துகிறவருக்கு என்ன தகுதி வேண்டும் என்பதை நாடு இன்னும் முடிவு செய்தபாடில்லை. 1991-இல் ஒரு விதி வந்தது. 2000, 2002, 2006, 2009, 2010, 2016, 2018, 2021, 2023 என்று புது விதியும் திருத்தமுமாக வந்துகொண்டே இருந்தன. விதி மாறும்போதெல்லாம் யாரோ ஒரு கூட்டம் தகுதி இழந்தது, இன்னொரு கூட்டம் தகுதி பெற்றது, இரண்டு தரப்பிலும் சிலர் வழக்கறிஞர்களைத் தேடிப் போனார்கள்.

வட சென்னைக்கு இது தூரத்துச் செய்தி அல்ல. கடற்கரை ரயில் நிலையத்தில் இறங்கினால் உயர் நீதிமன்றம் நடக்கிற தூரம். பிராட்வே பக்கம் பாரதி மகளிர் கல்லூரி. இன்னும் வடக்கே பழைய வண்ணாரப்பேட்டையில் சர் தியாகராயா கல்லூரி. மேற்கே வியாசர்பாடியில் டாக்டர் அம்பேத்கர் அரசு கலைக் கல்லூரி. மீனவர் வீட்டிலும் துறைமுகத் தொழிலாளி வீட்டிலும் முதல் பட்டதாரி உருவான இடங்கள் இவை. இங்கே வகுப்பெடுக்கும் உதவிப் பேராசிரியரும் சரி, முனைவர் பட்டத்தோடு வெளியே காத்திருப்பவரும் சரி, ஏதோ ஓர் அரசிதழ்த் தேதிக்கு இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ விழுந்தவர்கள்தான்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ராயபுரத்தில் ஒரே தெருவில் இரண்டு பேர் எம்.ஃபில். படித்தார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரே பல்கலைக்கழகம், ஒரே பாடம். ஒருவர் 1993 டிசம்பரில் முடித்துவிட்டார். இன்னொருவருக்கு வாய்மொழித் தேர்வு தள்ளிப்போய் 1994 ஜனவரியில் முடிந்தது. 2000 ஏப்ரலில் பல்கலைக்கழக மானியக் குழு, அதாவது யுஜிசி, புதிய விதிகளை வெளியிட்டது. விரிவுரையாளர் ஆக நெட் என்னும் தேசியத் தகுதித் தேர்வில் தேறியிருக்க வேண்டும். ஆனால் 1993 டிசம்பர் 31-க்குள் எம்.ஃபில். முடித்தவர்களுக்கு விலக்கு. டிசம்பர்க்காரர் தகுதி உள்ளவர் ஆனார். ஜனவரிக்காரர் ஆகவில்லை. 2006 ஜூனில் விதி மாறியது: எம்.ஃபில். முடித்த எவரும் நெட் இல்லாமலே இளங்கலை வகுப்புகளுக்குப் பாடம் நடத்தலாம். ஜனவரிக்காரருக்கும் கதவு திறந்தது. 2009 ஜூலை 11-இல் அந்தச் சலுகை போய்விட்டது. கதவு மூடியது. இந்த ஒன்பது ஆண்டில் அவர் ஒரு புத்தகமும் மறக்கவில்லை. கூடுதலாக நாலு புத்தகம் படித்திருக்கவும் கூடும். அவருடைய அறிவு இருந்த இடத்தில் இருக்க, தகுதி மட்டும் வந்தது, போனது.

முனைவர் பட்டக்காரர்கள் நிலைமை இதைவிட விசித்திரம். 2008-இல் பிஎச்.டி. வாங்கியவருக்கு நெட் தேவையில்லை. 2009 ஜூலை 11-க்குப் பிறகு தேவை. ஏனென்றால் அன்றைய திருத்தம், 2009-ஆம் ஆண்டின் புதிய பிஎச்.டி. நெறிமுறைப்படி பட்டம் வாங்கியவர்களுக்கு மட்டுமே விலக்குக் கொடுத்தது. நுழைவுத் தேர்வு, ஒரு பருவமாவது பாடநெறி வகுப்பு, ஆய்வேட்டைச் சமர்ப்பிக்கும் முன் ஒரு கட்டுரையாவது வெளியாகியிருப்பது என்று அந்த நெறிமுறை சில கட்டாயங்களைக் கொண்டுவந்தது. பழைய பட்டங்கள் அந்த வழியில் வந்தவை அல்ல. வந்திருக்கவும் முடியாது, அப்போது நெறிமுறையே இல்லையே. 2016 ஜூலை 11-இல் மறுபடி திருத்தினார்கள். சரியாக ஏழு ஆண்டு, அதே தேதி. 2009-க்கு முன் பதிவு செய்தவர்களும் ஐந்து நிபந்தனைகளை நிறைவேற்றியிருந்தால் நெட் வேண்டாம் என்றது புதிய திருத்தம். இந்த ஏழாண்டு இடைவெளியில்தான் இந்தத் துறையின் பெரிய வழக்கு நடந்தது.

அந்த வழக்குக்குள் போகும் முன், ஒரு கல்லூரி ஆசிரியரின் தகுதியைத் தீர்மானிக்கும் அதிகாரம் டில்லிக்கு எப்படிப் போனது என்று பார்த்துவிட வேண்டும். அரசியல் சாசனம் எழுதப்பட்டபோது கல்வி மாநிலப் பட்டியலில் இருந்தது. 1976-இன் 42-ஆவது திருத்தம் அதைப் பொதுப் பட்டியலுக்குக் கொண்டுபோனது. நம் மேடைகளில் அடிக்கடி கேட்கிற கதை இது. ஆனால் உயர்கல்வி ஆசிரியர் தகுதி வழக்குகளில் கத்தியாகப் பயன்படுவது அந்தத் திருத்தம் அல்ல. முதல் நாளிலிருந்தே மத்தியப் பட்டியலில் 66-ஆவது பதிவு என்று ஒன்று இருக்கிறது: உயர்கல்வி, ஆராய்ச்சி நிறுவனங்களில் தரத்தை ஒருங்கிணைப்பதும் நிர்ணயிப்பதும் மத்திய அரசின் வேலை. கல்லூரி கட்டுவது, சம்பளம் கொடுப்பது, இடம் ஒதுக்குவது எல்லாம் மாநிலம் செய்யலாம். 'தரம்' என்று வந்துவிட்டால் டில்லி. 1956-இன் யுஜிசி சட்டம் இந்தப் பதிவின் மேல் எழுந்தது. அதன் 26-ஆவது பிரிவு, ஆசிரியர்களுக்கு வழக்கமாக வேண்டிய தகுதிகளை வரையறுக்கும் அதிகாரத்தை யுஜிசிக்குக் கொடுக்கிறது.

இந்த வலை எவ்வளவு இறுக்கமானது என்பதைத் தமிழ்நாடு நேரடியாகவே அனுபவித்தது. ஓசூர் அதியமான் பொறியியல் கல்லூரி வழக்கில் 1995-இல் உச்ச நீதிமன்றம், தொழில்நுட்பக் கல்வியின் தரம் பற்றிய மத்தியச் சட்டத்தோடு மோதுகிற அளவுக்கு மாநிலச் சட்டம் செல்லாது என்று சொல்லிவிட்டது. 2009-இல் இன்னொரு வழக்கு. சென்னைத் திரைப்படக் கல்லூரி முதல்வர் பதவிக்கு நியமிக்கப்பட்டவர், இளங்கலைப் பட்டம் இல்லாமலே அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் திறந்தநிலைக் கல்வி வழியாக முதுகலை பெற்றிருந்தார். கீழ்ப்படி இல்லாமல் மேல்படி ஏறிய அந்தப் பட்டத்தை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. திறந்தநிலைக் கல்வியும் யுஜிசி விதிக்கு உட்பட்டதுதான் என்றது. அந்தக் காலத்தில் இப்படிப் பட்டம் வாங்கிய ஆயிரக்கணக்கானவர்களின் வயிற்றில் புளியைக் கரைத்த தீர்ப்பு அது.

அதே வலை எங்கே நின்றுவிடுகிறது என்பதும் வேடிக்கையானது. தியாகராயா கல்லூரியில் செல்லும் யுஜிசி தகுதி, கூப்பிடு தூரத்தில் இருக்கும் ஸ்டான்லி மருத்துவக் கல்லூரி வாசலில் நின்றுவிடும். அங்கே பாடம் நடத்தும் மருத்துவரின் தகுதியைத் தீர்மானிப்பது தேசிய மருத்துவ ஆணையம். மாதவரம் கால்நடை மருத்துவப் பல்கலைக்கழகத்துக்குப் போனால் விதி வேறு. பொறியியல் கல்லூரி என்றால் அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழு, அதாவது ஏஐசிடிஇ.

சரி, விதியை ஒரு பல்கலைக்கழகம் மீறினால் என்ன ஆகும்? 1991 செப்டம்பர் 19-இல் நெட் கட்டாயம் என்று யுஜிசி சொன்ன பிறகும் டில்லிப் பல்கலைக்கழகம் அதைக் கேட்காமல் விரிவுரையாளர் பதவிக்கு விளம்பரம் கொடுத்தது. ராஜ் சிங் என்பவர் வழக்குப் போட்டார். 1994-இல் உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பு நம்மூர்ப் பஞ்சாயத்துத் தீர்ப்புக்கு ரொம்பக் கிட்டத்தில் இருக்கிறது: விதி செல்லும், ஆனால் பல்கலைக்கழகத்துக்கு அது பரிந்துரை மாதிரிதான், கேட்காவிட்டால் யுஜிசி மானியத்தை நிறுத்திக்கொள்ளலாம். பல்லும் உண்டு, பல் பதிய வேண்டிய கட்டாயமும் இல்லை. இந்த இரட்டை நிலைதான் அடுத்த முப்பது ஆண்டு வழக்குகளுக்கு விதை.

இப்போது 2015 மார்ச்சுக்கு வருவோம். ஐந்து நாள் இடைவெளியில் உச்ச நீதிமன்றத்தின் இரண்டு அமர்வுகள் இரண்டு தீர்ப்புகளைத் தந்தன.

முதலாவது மார்ச் 11, மதுரை வழக்கு. எத்திராஜ் கல்லூரியில் ஆங்கிலத் துறையில் இணைப் பேராசிரியராக இருந்த கல்யாணி மதிவாணன் 2012-இல் மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் ஆனார். துணைவேந்தராக வருகிறவர் பத்தாண்டு பேராசிரியராக இருந்திருக்க வேண்டும் என்றது 2010 யுஜிசி விதி. அந்த அனுபவம் அவருக்கு இல்லை என்று கூறி 2014 ஜூனில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை நியமனத்தை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைத் தள்ளியது. யுஜிசி விதி மத்தியப் பல்கலைக்கழகங்களைக் கட்டுப்படுத்தும். மாநிலப் பல்கலைக்கழகத்தை, மாநில அரசு அந்த விதியை ஏற்றுக்கொண்டால் மட்டுமே கட்டுப்படுத்தும் என்றது. தமிழ்நாட்டுக்கு மூச்சு வந்தது.

இந்த வழக்கு வந்த வழியையும் சொல்ல வேண்டும். கோ வாரண்டோ என்றொரு நீதிப்பேராணை உண்டு. எந்த உரிமையில் இந்த நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறீர்கள் என்று கேட்கும் ஆணை அது. இதைக் கேட்க, அந்தப் பதவிக்குப் போட்டியிட்டுத் தோற்றவராக இருக்க வேண்டிய அவசியமில்லை. சாதாரணக் குடிமகன் போதும். பொதுப் பதவியில் தகுதியில்லாதவர் இருந்தால் அதனால் எல்லோருக்கும் நஷ்டம் என்பது இதன் அடிப்படை. கல்வி வழக்குகளில் இது மிகப் பழைய ஆயுதம். 1963-இல் தீர்ப்பான ஒரு வழக்கில் மைசூர்ப் பல்கலைக்கழகத்தின் ஆங்கில ரீடர் ஒருவருடைய நியமனத்தை இப்படித்தான் எதிர்த்தார்கள். விளம்பரம் கேட்டது முதல் வகுப்பு அல்லது உயர் இரண்டாம் வகுப்பு முதுகலை, அல்லது அதற்கு இணையான வெளிநாட்டுத் தகுதி. அவர் எடுத்திருந்தது 50.2 சதவீதம். இது உயர் இரண்டாம் வகுப்பா என்று உயர் நீதிமன்றம் கேட்டு நியமனத்தை ரத்து செய்தது. அவருக்கு இங்கிலாந்தின் டர்ஹாம் பட்டமும் இருக்கிறது, தேர்வுக் குழு அதைப் பார்த்திருக்கிறது, அறிஞர்கள் எடுத்த முடிவில் நீதிமன்றம் அவசரப்பட்டுக் கை வைக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. இந்த நிதானத்தை இன்றுவரை எல்லா நியமன வழக்குகளிலும் மேற்கோள் காட்டுகிறார்கள். ஆனாலும் அதே கர்நாடகத்துக் குல்பர்கா பல்கலைக்கழகத்தில் எம்.சி.ஏ. விரிவுரையாளராகக் கணித முதுகலைக்காரர் ஒருவர் நியமிக்கப்பட்டபோது, கணிதம் எம்.சி.ஏ.வுக்கு உரிய பாடம் அல்ல என்று உச்ச நீதிமன்றமே நியமனத்தை ஏற்க மறுத்தது. நிதானத்துக்கும் எல்லை இருக்கிறது. அந்த எல்லை எங்கே என்பதைத் தீர்ப்பு வந்தபிறகுதான் தெரிந்துகொள்ள முடிகிறது.

இரண்டாவது தீர்ப்பு மார்ச் 16. பி.சுசீலா எதிர் பல்கலைக்கழக மானியக் குழு. பாடகி அல்ல, 2009 திருத்தத்தால் வாசலில் நிறுத்தப்பட்ட ஆய்வாளர்களின் வழக்குக்குத் தலைப்பாக நின்ற பெயர். டில்லி, சென்னை, ராஜஸ்தான் உயர் நீதிமன்றங்கள் திருத்தம் செல்லும் என்றிருந்தன. அலகாபாத் உயர் நீதிமன்றம் எதிர்ப் பக்கம் நின்றது. ஒரு வகையில் யுஜிசியே ஆய்வாளர்கள் பக்கம்தான் இருந்தது! பழைய பட்டக்காரர்களுக்கு விலக்குக் கொடுக்கலாம் என்று 2010-இல் அது தீர்மானித்தது. மத்திய அரசு ஒப்புக்கொள்ளவில்லை. தேசிய நோக்கம் சார்ந்த கொள்கையில் அரசின் உத்தரவுப்படி யுஜிசி நடக்க வேண்டும் என்று சட்டத்தின் 20-ஆவது பிரிவு சொல்கிறது. தரத்தைத் தீர்மானிக்க அமைத்த அமைப்பு ஒன்று சொல்ல, அமைச்சகம் இன்னொன்று சொல்ல, சட்டம் அமைச்சகத்தின் கையைத் தூக்கிவிட்டது.

ஆய்வாளர்கள் கேட்டது நமக்கெல்லாம் நியாயமாகத் தோன்றுகிற கேள்வி. நாங்கள் பட்டம் வாங்கிய நாளில் விதி எங்களைத் தகுதியுள்ளவர்கள் என்றது. அதை நம்பி ஐந்தாறு ஆண்டு ஆய்வு செய்தோம். இப்போது பின்தேதியிட்டுப் பறிக்கலாமா? நீதிமன்றத்தின் பதில் கறாரானது. யாருடைய பட்டத்தையும் யாரும் பறிக்கவில்லை. வேலைக்கு நியமிக்கப்பட்டவரை இந்த விதி தொடவில்லை. இன்னும் நியமிக்கப்படாதவருக்கு இருப்பது விண்ணப்பிக்கும் நாளில் நடப்பில் இருக்கும் விதிப்படி பரிசீலிக்கப்படும் உரிமை. நேற்றைய விதிப்படி பரிசீலிக்கப்படும் உரிமை அல்ல. தகுதி உங்களோடு ஒட்டிக்கொண்ட சொத்து அல்ல என்பது இதன் பொருள். சமத்துவம் பற்றிய வாதத்துக்கும் பதில் இருந்தது: புதிய நெறிமுறையில் வந்த முனைவரும் பழைய முறையில் வந்த முனைவரும் ஒரே வகுப்பைச் சேர்ந்தவர்கள் அல்ல, ஆகவே வேறாக நடத்தலாம்.

சட்டமாகப் பார்த்தால் இதில் ஓட்டை காண்பது கடினம். ஒவ்வொருவரும் தான் படிக்கத் தொடங்கிய நாளின் விதியைத் தூக்கிக்கொண்டு வந்தால் எந்தத் தரத்தையும் உயர்த்த முடியாது. ஆனால் சட்டம் அனுமதிக்கிறது என்பதால் விதி எழுதுகிறவர் கண்ணை மூடிக்கொண்டு எழுதலாம் என்று ஆகிவிடாது. ஆய்வுக்குப் பதிவு செய்கிறவர் தன் இருபதுகளின் பிற்பாதியை அடகு வைக்கிறார். வட சென்னைப் பிள்ளை ஒருவர் பிஎச்.டி. செய்கிறார் என்றால் பெரும்பாலும் வீட்டில் ஒரு சம்பளம் குறைகிறது என்று அர்த்தம். நடுவழியில் இருப்பவர்களுக்கு விலக்கு என்று ஒரே ஒரு வரியை 2009-லேயே சேர்த்திருக்கலாம். 2016-இல் சேர்த்ததும் கிட்டத்தட்ட அந்த வரியைத்தான். ஏழு ஆண்டு தாமதம் என்பது முப்பது வயதுக்காரரை முப்பத்தேழு ஆக்குகிற தாமதம்.

மதுரை வழக்கில் கிடைத்த மாநில மூச்சும் நீடிக்கவில்லை. 2022 மார்ச்சில் குஜராத் சர்தார் படேல் பல்கலைக்கழகத் துணைவேந்தர் நியமனத்தை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. யுஜிசி விதிகள் நாடாளுமன்றத்தில் வைக்கப்படுகின்றன, ஆகவே மத்தியச் சட்டத்தின் பகுதி. மாநிலச் சட்டம் அதோடு மோதினால் மத்தியச் சட்டமே நிற்கும் என்றது. அதே ஆண்டு அக்டோபரில் கேரளத் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத் துணைவேந்தரும் இதே காரணத்தால் பதவி இழந்தார். 2025 மே மாதம் தமிழ்நாட்டின் துணைவேந்தர் நியமனச் சட்டத் திருத்தங்களுக்குச் சென்னை உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தபோதும் யுஜிசி விதியோடு முரண்பாடு என்பதே வாதத்தின் முதுகெலும்பாக இருந்தது.

இனி நெட். இந்தத் தேர்வைக் குறைந்தபட்சத் தகுதி என்று எல்லோரும் சொல்கிறோம், விதியும் அப்படித்தான் சொல்கிறது. ஆனால் அது வேலை செய்யும் முறையைக் கொஞ்சம் பிரித்துப் பாருங்கள். 1989-இல் தொடங்கிய இந்தத் தேர்வில் 2017-லிருந்து ஒரு விகிதக் கணக்கு இருக்கிறது: இரு தாள்களையும் எழுதியவர்களில் 6 சதவீதம் பேர்தான் உதவிப் பேராசிரியர் தகுதி பெறுவார்கள். அந்த 6 சதவீதம் பாடவாரியாகவும் இட ஒதுக்கீட்டுப் பிரிவுவாரியாகவும் பங்கிடப்படுகிறது. பாய்லர் சான்றுத் தேர்வில் பத்துப் பேருக்கும் பாய்லரைப் பற்றித் தெரிந்திருந்தால் பத்துப் பேரும் தேறலாம். நெட்டில் அது முடியாது. நூறு பேரும் பிரமாதமாக எழுதினாலும் தொண்ணூற்று நான்கு பேர் தோற்றே ஆக வேண்டும். நூறு பேரும் மோசமாக எழுதினாலும், அடிப்படை மதிப்பெண்ணைத் தாண்டியிருந்தால், ஆறு பேர் ஜெயித்துவிடுவார்கள். இதைத் தரை என்று சொல்ல முடியாது, சல்லடை என்றுதான் சொல்ல வேண்டும். சல்லடை தேவையில்லை என்பது என் வாதம் அல்ல. ஆனால் ஒருவருக்குப் பாடம் நடத்தும் அளவுக்கு அறிவு இருக்கிறதா என்ற கேள்வியும், அவரோடு எழுதிய மற்றவர்களைவிட அவர் மேலா என்ற கேள்வியும் வேறு வேறு. முதல் கேள்வியின் பெயரை வைத்துக்கொண்டு இரண்டாவதைக் கேட்கிறோம்.

இதற்கு முந்தைய கணக்கும் நீதிமன்றம் பார்த்ததுதான். 2012 ஜூன் நெட்டில் ஒவ்வொரு தாளுக்கும் குறைந்தபட்ச மதிப்பெண்ணை அறிவித்துவிட்டு, தேர்வு முடிந்தபிறகு மொத்தத்தில் பொதுப் பிரிவுக்கு 65 சதவீதம், இதர பிற்படுத்தப்பட்டோருக்கு 60, பட்டியல் இனத்தவருக்கு 55 வேண்டும் என்று யுஜிசி சேர்த்தது. ஓட்டப் பந்தயம் முடிந்தபிறகு கோட்டை நகர்த்துகிறார்கள் என்று மும்பை, கேரள உயர் நீதிமன்றங்களில் சண்டை நடந்து மாணவர்கள் வென்றார்கள். 2013 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் யுஜிசி பக்கம் தீர்த்தது. இறுதி வரம்பை யுஜிசி பின்னர் தீர்மானிக்கும் என்று அறிவிக்கையிலேயே இருந்தது, தரம் நிர்ணயிப்பது நிபுணர் வேலை என்பது அதன் காரணம். 2024 ஜூன் 18-இல் ஒன்பது லட்சத்துக்கும் மேற்பட்டோர் எழுதிய நெட் தேர்வு மறுநாளே ரத்தாகி, ஆகஸ்ட் பிற்பகுதியிலும் செப்டம்பர் தொடக்கத்திலுமாக மறுபடி நடந்ததும் நினைவிருக்கும்.

நெட்டின் தம்பி ஸ்லெட், இப்போது செட். மாநிலங்கள் நடத்தும் தகுதித் தேர்வு. 2002 ஜூனுக்குப் பிறகு நடந்த செட் தேர்வுகளின் சான்று அந்த மாநிலத்துக்குள் மட்டும் செல்லும். தண்டையார்பேட்டையிலோ விம்கோ நகரிலோ ரயிலேறி எண்ணூர், மீஞ்சூர், பொன்னேரி, கும்மிடிப்பூண்டி தாண்டி ஆரம்பாக்கம் வரை தமிழ்நாடு செட் தேறியவர் உதவிப் பேராசிரியர் தகுதி உள்ளவர். அடுத்த நிலையம் தடா. ஆந்திரம். அங்கே இறங்கினால் அந்தத் தகுதி கிடையாது. தகுதிக்குத் தேதி மட்டும் இல்லை, எல்லைக்கல்லும் உண்டு.

தமிழ்நாடு செட் தேர்வையாவது ஒழுங்காக நடத்தினோமா? 2024 ஜூனில் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகம் நடத்துவதாக இருந்தது தள்ளிப்போனது. கடைசியில் ஆசிரியர் தேர்வு வாரியம் 2025 மார்ச்சில் நடத்தியது. நிரந்தரப் பணியிடங்களும் இதே வேகத்தில்தான். அரசுக் கலைக் கல்லூரிகளில் 2,331 உதவிப் பேராசிரியர் இடங்களுக்கு 2019-இல் வந்த அறிவிப்பு நிறைவேறாமலே கைவிடப்பட்டது; 2024 மார்ச்சில் 4,000 இடங்களுக்குப் புதிய அறிவிப்பு வந்தது. இடைக்காலத்தில் வகுப்பறையைத் தாங்கியவர்கள் கௌரவ விரிவுரையாளர்கள். அவர்களுக்கும் நிரந்தர ஆசிரியருக்குரிய அதே தகுதி வேண்டும் என்கிறது யுஜிசியின் 2019 நெறிமுறை. அதே நெறிமுறை ஒரு வகுப்புக்கு 1,500 ரூபாய், மாதம் 50,000 வரை என்று ஊதியமும் சொல்கிறது. தமிழ்நாடு 2024-இல் கொடுத்தது மாதம் 25,000. டில்லியின் விதியில் தகுதிப் பகுதி மட்டும் உடனே ஊர் வந்து சேர்கிறது, சம்பளப் பகுதிக்குத்தான் ரயில் கிடைப்பதில்லை.

கடைசித் திருப்பங்கள் வேகமானவை. 2018 விதி, பல்கலைக்கழகத் துறைகளில் உதவிப் பேராசிரியர் ஆக 2021 ஜூலை முதல் பிஎச்.டி. கட்டாயம் என்றது. கொரோனாவைச் சொல்லி 2023 ஜூலைக்குத் தள்ளினார்கள். அதை நம்பிப் பல இளைஞர்கள் ஆய்வில் சேர்ந்தார்கள். அமலுக்கு வர ஒரு நாள் இருக்கும்போது, 2023 ஜூன் 30-இல், பிஎச்.டி. கட்டாயமில்லை, முதுகலையும் நெட்டோ செட்டோ போதும் என்று அரசிதழ் வந்தது. சுற்றிச் சுற்றி 1991-க்கே வந்து நிற்கிறோம். எம்.ஃபில். பட்டமோ 2022 நவம்பர் விதியோடு நிறுத்தப்பட்டுவிட்டது. 2025 ஜனவரி 6-இல் வெளியான வரைவு, எம்.இ., எம்.டெக். படித்தவர்களுக்கு நெட் வேண்டாம், கல்வித்துறைக்கு வெளியிலிருந்தும் துணைவேந்தர் வரலாம் என்று இன்னொரு கோட்டைப் போட்டது. மூன்றாம் நாள், ஜனவரி 9-இல், அந்த வரைவைத் திரும்பப் பெறச் சொல்லித் தமிழ்நாடு சட்டமன்றம் தீர்மானம் நிறைவேற்றியது.

கோடுகள் இனியும் நகரும். ஆகவே ஆய்வில் இருப்பவர்களுக்கும், அவர்களைப் பெற்றவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். 2009 ஜூலை 11-க்கு முன் பிஎச்.டி.க்குப் பதிவு செய்து, பட்டச் சான்றிதழை மட்டும் கோப்பில் வைத்திருப்பவர்கள் உங்கள் வீட்டிலோ தெருவிலோ இருந்தால் அது போதாது என்று சொல்லுங்கள். முறையான வழியில் ஆய்வு செய்தது, வெளித்தேர்வாளர் இருவராவது ஆய்வேட்டை மதிப்பிட்டது, வாய்மொழித் தேர்வு வெளிப்படையாக நடந்தது, ஆய்விலிருந்து இரண்டு கட்டுரைகள் வெளியானது, அவற்றில் ஒன்றாவது வல்லுநர் மதிப்பீடு உள்ள இதழில் வந்தது, கருத்தரங்கில் இரண்டு கட்டுரைகள் வாசித்தது ஆகியவற்றுக்குப் பல்கலைக்கழகத்திலிருந்து தனிச் சான்று வாங்கிவிடுங்கள். இப்போது ஆய்வில் இருப்பவர்கள் பதிவு செய்த தேதியையும் அன்று நடப்பில் இருந்த விதியின் நகலையும் பத்திரமாக வைத்திருங்கள். மேற்பார்வையாளர் ஓய்வு பெறுவதற்கு முன், அலுவலகத்தில் பழைய கோப்புகளைக் கட்டி அறைக்குள் போடுவதற்கு முன் இதைச் செய்துவிடுங்கள்.